பிறப்பை மறைத்த வீடுகள்: போலந்துத் திரையில் விலக்கப்பட்ட உறவுகள்

தந்தைக்கும் மகளுக்கும், தாய்க்கும் மகனுக்கும், உடன்பிறந்தவர்களுக்கும் இடையே எவ்வகை உறவு கூடாதென்று மனித சமூகங்கள் ஏறக்குறைய ஒருமனதாக விலக்கி வைத்திருக்கின்றனவோ, அந்த உறவைத் திரையில் காட்டத் துணிகிற கலைஞன் இரண்டு அபாயங்களுக்கு நடுவே நடக்க வேண்டியவனாகிறான். ஒரு பக்கம், பார்ப்பவர்களைத் திடுக்கிடச் செய்து கூட்டம் சேர்க்கும் மலினமான ஆசை. மறுபக்கம், பாவத்தைக் காட்டிப் பயமுறுத்தும் பிரசங்கியின் அவசரம். சென்ற நாற்பது ஆண்டுகளுக்குள் போலந்து நாட்டில் எடுக்கப்பட்ட சிறந்த படங்கள் சில இவ்விரண்டையும் பெரும்பாலும் தவிர்த்திருக்கின்றன. அவற்றைப் பார்த்து முடித்தபின் நம் மனத்தில் நிற்பது, இது தர்மமா அதர்மமா என்ற கேள்வியைக் காட்டிலும், இது யாருக்குத் தெரியும், யாருக்குத் தெரியாது என்ற கேள்விதான். கடிதம், பிறப்புப் பதிவு, ஒளிநாடா, போலீஸ் கோப்பு என்று ஏதோ ஒரு சாட்சியம் வீட்டுக்குள் எங்கோ கிடக்கிறது. அதைப் படித்தவர் ஒருவர், படிக்க அஞ்சுகிறவர் ஒருவர், அப்படி ஒன்று இருப்பதையே அறியாதவர் ஒருவர். விலக்கப்பட்ட உறவு போலந்து சினிமாவில் உடலின் விவகாரமாக இருப்பதைவிட அறிவின் விவகாரமாகவே இருந்து வருகிறது என்பதும், அந்த அறிவு மறுக்கப்படுகிற ஜீவன் பல சமயம் ஒரு குழந்தையாகவே இருக்கிறது என்பதும், அக்குழந்தைக்கு அந்நாட்டுக் கலைஞர்கள் பட்டிருக்கும் கடன் இன்னும் தீரவில்லை என்பதும் என் அபிப்பிராயம்.

இதற்குத் தொடக்கம் என்று ஒன்றைச் சுட்ட வேண்டுமானால் கிரிஸ்டோஃப் கீஸ்லோவ்ஸ்கியின் 'டெகலாக்' வரிசையைத்தான் சுட்ட வேண்டும். கம்யூனிஸ்ட் ஆட்சியின் அந்திம காலத்தில், 1988-ஐ ஒட்டி, போலந்துத் தொலைக்காட்சிக்காக எடுக்கப்பட்ட ஏறக்குறைய ஒரு மணி நேரப் படங்கள் பத்து. விவிலியத்தின் கட்டளைகளுக்கு ஒவ்வொன்றாக அமைந்தவை. வார்சா நகரத்து அடுக்குமாடிக் குடியிருப்பு ஒன்றில் வசிக்கும் சாதாரண மனிதர்களின் கதைகள். கீஸ்லோவ்ஸ்கியோடு சேர்ந்து இவற்றை எழுதிய கிரிஸ்டோஃப் பியேசேவிச் தொழிலால் வக்கீல். 1984-ல் பாதிரியார் போபியெவுஷ்கோ ரகசியப் போலீசாரால் கொலையுண்டபோது அந்த வழக்கில் பாதிக்கப்பட்ட தரப்புக்காக ஆஜரானவர். குற்றம் உண்டா இல்லையா என்று பேசுவதற்கு முன்னால், என்ன நடந்தது, அதற்கு என்ன அத்தாட்சி, அதை அறிந்தவர் யார் என்று வரிசையாகக் கேட்கும் வக்கீலின் சுபாவம் இந்தப் பத்துப் படங்களிலும் ஊடாடி நிற்கிறது. கீஸ்லோவ்ஸ்கியின் புகழைப் பேசுகிறவர்கள் இந்த வக்கீலை அடிக்கடி மறந்துவிடுகிறார்கள்.

வரிசையின் நான்காவது படம், தாய் தந்தையரைப் போற்று என்னும் கட்டளையைப் பற்றியது. அன்கா என்னும் இளம்பெண் நாடகக் கல்லூரி மாணவி. அவள் பிறந்த சில நாட்களுக்குள் தாய் இறந்துவிட, தந்தை மிஹாவ் மறுமணம் செய்துகொள்ளாமல் அவளை வளர்த்திருக்கிறார். ஈஸ்டருக்கு மறுநாள் ஒருவர் மேல் ஒருவர் தண்ணீர் ஊற்றி விளையாடும் போலந்து வழக்கத்தோடு படம் தொடங்குகிறது. அந்த விளையாட்டில் தந்தை மகள் உறவுக்குக் கொஞ்சம் அதிகமான ஏதோ ஒன்று கலந்திருப்பதை நாம் முதலில் கவனித்தும் கவனியாதவர்கள்போல் விட்டுவிடுகிறோம். தன் மரணத்துக்குப் பின் பிரிக்க வேண்டும் என்று தந்தை எழுதி வைத்த உறை ஒன்று அவள் கைக்குக் கிட்டுகிறது; அதற்குள் தாய் தன் மகளுக்கென்று எழுதி வைத்த இன்னொரு உறை. அதை அவள் பிரிக்காமல், தாயின் கையெழுத்தைப் பழகி, தானே ஒரு கடிதம் கற்பனை செய்து, வெளியூரிலிருந்து திரும்பும் தந்தையிடம் விமான நிலையத்திலேயே ஒப்பிக்கிறாள்: மிஹாவ் உன் தந்தை அல்லர் என்று.

அன்றிரவு அவ்விருவருக்கும் இடையே நிகழும் சம்பாஷணை உலக சினிமாவில் எழுதப்பட்ட மிகக் கடினமான சம்பாஷணைகளில் ஒன்று. தன் காதலர்களோடு இருக்கும்போதெல்லாம் வேறு யாருக்கோ துரோகம் செய்வதுபோல் தோன்றியதாக அவள் சொல்கிறாள். அடிக்கடி வெளியூர் போனதற்கும், அந்த உறையை அவள் கண்ணில் படும்படி விட்டு வைத்ததற்கும் காரணம் தன் உள்ளத்திலும் இருந்தது என்பதை அவர் மெல்ல ஒப்புக்கொள்கிறார். அவள் தன்னை அவருக்குக் காட்டி நிற்கும்போது அவர் ஒரு கம்பளிச் சட்டையை எடுத்துப் போர்த்திவிடுகிறார். மறுநாள் காலை அவர் வீட்டில் இல்லை. ஓடிப்போய்விட்டார் என்று எண்ணி அவள் ஜன்னலிலிருந்து கூவுகிறாள். அவர் பால் வாங்கி வந்துகொண்டிருக்கிறார். பிறகு இருவரும் சேர்ந்து அந்தக் கடிதத்தை எரிக்கிறார்கள். எரியாமல் தப்பிய துண்டில் மிஹாவ் இன்னார் அல்லர் என்று தொடங்குவதுபோல் ஒரு வாக்கியம் பாதியில் நின்றுவிடுகிறது.

எரித்தது சரியா? இந்த முடிவைக் கோழைத்தனம் என்று சொல்கிறவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. தந்தை மகள் என்ற பந்தம் இரத்தத்தின் சான்றினால் நிலைப்பதானால் அந்தச் சான்று பொய்த்த நாளில் அது விழுந்துவிடும். இவ்விருவரும் சான்றை அழித்துவிட்டு, தந்தையும் மகளுமாக இருப்போம் என்று ஒரு விரதம்போல் ஏற்றுக்கொள்கிறார்கள். போலந்தின் இன்றைய குற்றவியல் சட்டமும் ஒரு வகையில் இதை ஒப்புகிறது என்று சொல்லலாம். 1997-ல் இயற்றப்பட்ட அச்சட்டத்தின் 201-ஆம் பிரிவு, நேர்வழி முன்னோர், வழித்தோன்றல், உடன்பிறந்தோர் ஆகியோரிடையே உடலுறவுக்கு மூன்று மாதம் முதல் ஐந்து ஆண்டு வரை சிறை விதிக்கும்போது, தத்தெடுத்தவரையும் தத்துப் பிள்ளையையும் அதே வாக்கியத்தில் சேர்த்துக்கொள்கிறது. இரத்தத்தின்பாற்பட்ட விலக்கு என்று மட்டும் அதைக் கருதியிருந்தால் இப்படிச் சேர்த்திருக்க அவசியமில்லை. ஆனால் ஒன்றை மறக்கலாகாது. கடிதத்தை எரிக்கும் உரிமை அன்காவுக்கு இருந்தது. அவள் வயது வந்தவள், கடிதம் அவளுக்கு எழுதப்பட்டது, அது இருப்பது அவளுக்குத் தெரிந்திருந்தது. இம்மூன்றும் இல்லாத ஒருவர் விஷயத்தில் அதே மௌனம் என்னவாகும் என்பதற்குக் கீஸ்லோவ்ஸ்கியே பதில் எழுதியிருக்கிறார். அதற்குப் போகுமுன், போலந்து நாட்டில் குடும்ப ரகசியத்துக்கு ஏன் இத்தனை கனம் வந்தது என்பதைச் சற்றுப் பார்ப்பது பயன் தரும்.

1795 முதல் 1918 வரை 123 ஆண்டுகள் போலந்து என்ற பெயரில் உலகப் படத்தில் ஒரு சுதந்திர அரசு கிடையாது. ரஷ்யாவும் பிரஷ்யாவும் ஆஸ்திரியாவும் பங்கிட்டுக்கொண்ட நிலத்தில் மொழியும் மதமும் சரித்திர ஞாபகமும் தங்கி வாழ்ந்த இடங்கள் இரண்டு: தேவாலயம் ஒன்று, வீடு மற்றொன்று. வீடே தேசமாக இருந்த அந்நாட்களில் தாய் என்பவள் ஒரு குடும்பத்தின் தாயாக மட்டும் இல்லாமல் தேசியத்தின் காவலாகவும் ஆக்கப்பட்டாள். 'போலந்துத் தாய்' என்ற அந்த ஆகிருதி பிரசங்கங்களிலும் மேடைகளிலும் இன்றும் உயிரோடு இருக்கிறது. பின்னர் நாஜி ஆக்கிரமிப்பும், அதன்பின் மாஸ்கோவை நோக்கி நின்ற ஆட்சியும் வந்தபோது, வெளியே பேச முடியாததை உள்ளே பேசலாம் என்பதும், உள்ளே பேசியது வெளியே போகலாகாது என்பதும் வாழ்க்கை நெறியாயின. இப்படி அந்நியனிடமிருந்து காக்கக் கட்டிய சுவரே, உள்ளே இருந்த குழந்தையையோ மருமகளையோ காக்க வேண்டி வந்தபோது, அவர்கள் குரல் வெளியே கேட்காமலும் செய்துவிட்டது.

அதோடு, பிறப்பை மறைப்பது ஒரு காலத்தில் உயிர் காக்கும் தர்மமாகவும் இருந்தது. யுத்த காலத்தில் வார்சா யூதக் கெட்டோவிலிருந்து வெளியே கொண்டுவரப்பட்ட குழந்தைகள் கிறிஸ்தவப் பெயர்களோடு, பொய்யான ஞானஸ்நானச் சான்றுகளோடு கன்னியர் மடங்களிலும் போலந்துக் குடும்பங்களிலும் ஒப்படைக்கப்பட்டார்கள். அவ்வேலையில் ஈடுபட்ட இரேனா செண்ட்லர் என்ற சமூகப் பணியாளர் குழந்தைகளின் உண்மைப் பெயர்களைத் தாள்களில் எழுதி ஜாடிகளில் இட்டு மண்ணில் புதைத்து வைத்தார் என்பது சரித்திரம். யார் மகள் என்பதைச் சொல்லும் தாள் மண்ணுக்கடியில் கிடக்க, அந்த மகள் வேறு பெயரில் வேறு வீட்டில் வளர்ந்துகொண்டிருந்த தேசம் அது. பாவெல் பாவ்லிகோவ்ஸ்கியின் 'இடா' (2013), துறவு ஏற்கப் போகும் அன்னா என்ற பெண், அறுபதுகளின் தொடக்கத்தில், தான் இடா லெபென்ஸ்டைன் என்ற யூதப் பெண் என்பதையும், பெற்றோருக்குப் புகலிடம் தந்த குடும்பத்தின் கையாலேயே அவர்கள் மாண்டார்கள் என்பதையும் அறியும் கதை. அதைக் கருப்பு வெள்ளையில், அசையாத காமிராவில், எண்பது நிமிஷத்துக்குச் சற்று மேற்பட்ட நேரத்தில் சொல்லி முடித்து ஆஸ்கர் பரிசும் பெற்றார் அவர்.

கம்யூனிஸ்ட் காலத்துக் கோப்புகள் இன்னொரு வகை. மிஹாவ் ரோசாவின் 'ரிசா' (2008) என்ற படத்தை நம்மவர் அதிகம் பார்த்திருக்க மாட்டார்கள். 'கீறல்' என்பது பொருள். வயதான தம்பதி ஒன்றுக்கு, மனைவியின் பிறந்தநாளன்று யாரோ ஒரு ஒளிநாடாவைக் கொடுத்துவிட்டுப் போகிறார்கள். அவள் தந்தையை வேவு பார்ப்பதற்காகவே ரகசியப் போலீசார் ஏவி, அவள் கணவன் அவளை மணந்தான் என்கிறது அந்த நாடா. உண்மையா என்று நமக்குத் தீர்மானமாகச் சொல்லப்படுவதில்லை. ஆனால் நாற்பது ஆண்டு தாம்பத்தியம் ஒரே வாரத்தில் ஓர் அந்நியனோடு வாழ்ந்த வாழ்வாகத் தோன்றத் தொடங்கும்போது, அந்தப் படுக்கையறையே விலக்கப்பட்ட இடமாகிறது. இங்கே இரத்த சம்பந்தமே இல்லை. இருந்தும் தகாத உறவில் விழுந்துவிட்ட அருவருப்பு அந்த மனைவியின் முகத்தில் தெரிகிறது. என் வாதத்துக்கு இதைவிட நல்ல அத்தாட்சி எனக்குக் கிடைக்கவில்லை.

இத்தகைய படங்கள் வெளிவரும்போதெல்லாம் தேசத்துக்கு அவதூறு என்ற கூக்குரலும் எழுகிறது. விளாடிஸ்லாவ் பாசிகோவ்ஸ்கியின் 'போக்வோசியே' (2012), தங்கள் தந்தை அண்டை வீட்டு யூதர்களை எரித்துக் கொன்றவர்களில் ஒருவர் என்பதையும், தாங்கள் குடியிருக்கும் நிலம் அவர்களுடையது என்பதையும் இரு சகோதரர்கள் கண்டுபிடிப்பதைச் சொன்னது. தம்பியாக நடித்த மாசியே ஷ்டூர் மாதக்கணக்கில் வசவு வாங்கினார். 'இடா' ஆஸ்கர் பெறும் தறுவாயில், சரித்திர விளக்கக் குறிப்புகளைப் படத்தின் முகப்பில் சேர்க்க வேண்டும் என்று தேசத்தின் நற்பெயர் காக்கும் அமைப்பொன்று கையெழுத்து வாங்கியது. 2005-ல் நிறுவப்பட்ட போலந்துத் திரைப்பட நிறுவனத்தின் வழியாகப் பொதுப்பணம் பல படங்களுக்குப் போய்ச் சேர்வதால், நம் காசில் நம்மையே ஏசுவதா என்ற கேள்விக்கு ஜனங்களிடையே கொஞ்சம் செல்வாக்கும் உண்டு. இதற்கு நீண்ட பதில் வேண்டியதில்லை. கத்தோலிக்கப் பாதிரிமாரின் ஒழுக்கக்கேட்டையும் சிறுவர்மீதான கொடுமையையும் காட்டிய வோய்சியெக் ஸ்மார்சோவ்ஸ்கியின் 'க்லேர்' (2018) படத்தை அந்நாட்டில் ஐம்பது லட்சத்துக்கும் மேற்பட்டோர் திரையரங்கில் பார்த்தார்கள். ஜனத்தொகை நான்கு கோடிக்கும் குறைந்த ஒரு நாட்டில் இத்தனை பேர் தம்மையே ஏசிக்கொள்ளக் கட்டணம் கொடுத்துப் போனார்கள் என்று நம்புவதற்கு விசேஷமான மனம் வேண்டும்.

இனிக் குழந்தைக்கு வருவோம். 'டெகலாக்' வரிசையின் ஏழாவது படம் களவு செய்யாதே என்னும் கட்டளைக்குரியது. மாய்கா என்ற பெண் பதினாறு வயதில், தன் பள்ளி ஆசிரியருக்கு ஒரு பெண் குழந்தையைப் பெற்றாள். அவளுடைய தாய் எவா அந்தப் பள்ளியின் தலைமை ஆசிரியை. ஊர்ப் பேச்சுக்கு அஞ்சியோ, இன்னொரு குழந்தை வேண்டும் என்ற தன் ஆசையாலோ, எவா அக்குழந்தையைத் தன் மகளாகவே பதிவு செய்துவிட்டாள். ஆகவே குழந்தை ஆனியாவுக்குப் பாட்டி அம்மாவாகவும், அம்மா அக்காளாகவும் ஆகிவிட்டார்கள். ஆறு ஆண்டுகளுக்குப் பின் மாய்கா தன் குழந்தையையே திருடிக்கொண்டு ஓடுகிறாள். தன்னை அம்மா என்று ஒரு தரம் கூப்பிடச் சொல்லி அவள் கெஞ்சும் காட்சியில் குழந்தை அவளைப் பெயர் சொல்லியே அழைக்கிறது. முன்னாள் ஆசிரியன் இப்போது பொம்மைக் கரடி தைத்து விற்கிறான். குற்றம் செய்தவன் குழந்தைகளுக்கு விளையாட்டுப் பொருள் செய்து பிழைப்பதை எந்த விமரிசனமும் இல்லாமல் காட்டிவிட்டு நகர்ந்துவிடுகிறார் கீஸ்லோவ்ஸ்கி. கடைசியில் ஒரு சிறு ரயில் நிலையத்தில் ஆனியா பாட்டியை நோக்கி அம்மா என்று ஓட, மாய்கா தனியாக ரயிலேறிவிடுகிறாள்.

இந்தக் கதையில் உடலளவில் தகாத உறவு எதுவும் குடும்பத்துக்குள் நிகழவில்லை. ஆயினும் தலைமுறைகளின் வரிசை கலைந்துவிட்டது. யார் யாருக்குப் பிள்ளை என்ற முறை கெடுவதுதான் விலக்கின் ஆணிவேர் என்றால், சிற்றின்பமே இல்லாமல் ஒரு பதிவேட்டின் மூலமாக எவா செய்தது அதே முறைகேடுதான். நான்காம் படத்தில் காகிதத்தை எரித்தவர்கள் உறவைக் காத்தார்கள். ஏழாம் படத்தில் காகிதத்தில் பொய் எழுதியவள் மூன்று தலைமுறையைக் குலைத்தாள். இவ்விரண்டையும் ஒரே ஆசிரியர்கள் ஒரே வரிசைக்குள் எழுதியிருக்கிறார்கள் என்பதுதான் 'டெகலாக்' பெருமைக்குரிய படைப்பாக இருப்பதற்குக் காரணம். ஒரு கொள்கையை நிலைநாட்டிவிட்டு இன்னொரு படத்தில் அதைச் சந்தேகிக்கும் நேர்மை அதற்கு உண்டு.

முப்பது ஆண்டுகள் கழித்து யாகோடா ஷெல்ட்ஸ் என்ற பெண் இயக்குநர் தம் முதல் முழுநீளப் படமான 'கோபுரம், ஒளிமிக்க நாள்' (2017) என்பதில் அதே கருவை எடுத்துக்கொண்டார். மூலா என்பவள் தன் தங்கை காயா பெற்ற பெண்ணைத் தன் மகளாக வளர்க்கிறாள். அக்குழந்தை நீனாவின் முதல் நன்மைச் சடங்குக்குக் குடும்பம் கூடுகிறது. பல காலம் காணாமல் போயிருந்த காயாவும் வந்து சேர்கிறாள். மலைநாட்டு வீடு, காட்டுக்குள் குழந்தைகளோடு நடை, சாப்பாட்டு மேசை, பொருளற்ற சிறு பேச்சுக்கள். ஒவ்வொரு காட்சியிலும் மூலாவின் கண் நீனாவையும் காயாவையும் சேர்த்தே காவல் காக்கிறது. இப்படத்தின் இறுதி யதார்த்தத்தை விட்டு விலகி ஏதோ ஒரு மாய பயங்கரத்துக்குள் போய்விடுகிறது. அதைப் பெரிய சாதனை என்று கொண்டாடியவர்கள் உண்டு, எனக்கு அது ஒரு தப்பித்தல் என்றே பட்டது. குழந்தைக்கு உண்மையைச் சொன்னால் என்ன நேரும் என்ற எளிய, பயங்கரமான கேள்வியை அத்தனை அழகாக எழுப்பிவிட்டு, பதில் சொல்ல வேண்டிய தறுவாயில் வானத்தையும் பூமியையும் அழைத்துக்கொள்வது நியாயமன்று.

நேரடியாகவே தகாத உறவைப் பேசும் படங்கள் எண்ணிக்கையில் குறைவு. ஃபிலிப் மார்ச்செவ்ஸ்கியின் 'பெஸ் வ்ஸ்திது' (2012), பெயருக்கேற்ப 'வெட்கமின்றி', அக்காளின்மேல் தம்பி கொள்ளும் காதலைச் சொல்ல வந்தது. பதினெட்டு வயதுப் பையன், தாய்போல் இருந்த அக்காள், அவளுடைய காதலனாக நவநாஜி அரசியல்காரன் ஒருவன், பையனை நேசிக்கும் ரோமா இனப்பெண் ஒருத்தி. இத்தனையும் ஒன்றரை மணி நேரத்துக்குள். பெயர்தான் வெட்கமின்றி, படமோ தன் கருவைக் கண்டு வெட்கப்பட்டு, அரசியலுக்குப் பின்னாலும் ரோமாக்களின் துயரத்துக்குப் பின்னாலும் மாறி மாறி ஒளிந்துகொள்கிறது. ரகசியம் என்று அங்கே ஒன்றும் இல்லை, ஆகையால் அறிவின் நாடகமும் இல்லை. ஆசை மட்டும் இருக்கிறது, அது இரண்டு காட்சிகளில் தீர்ந்துவிடுகிறது.

தோமாஷ் வாசிலெவ்ஸ்கியின் 'குவுப்சி' (2022) வேறு தரத்தைச் சேர்ந்தது. 'முட்டாள்கள்' என்று பொருள்படும் இப்படத்தை இவ்விஷயத்தில் போலந்து சினிமா எடுத்துவைத்த மிகத் துணிச்சலான அடி என்று தயங்காமல் சொல்லலாம். அறுபதைத் தாண்டிய மார்லேனாவும் அவளுக்கு இருபது வயது இளையவனான தோமாஷும் கடலோரத்தில், ஊரை விட்டு ஒதுங்கிய வீட்டில், பல ஆண்டுகளாகத் தம்பதிபோல் வாழ்கிறார்கள். அவ்வாழ்வில் பிரியம் உண்டு, பழக்கத்தின் ஆறுதல் உண்டு. சாகும் தறுவாயில் இருக்கும் தன் மகனை அந்த வீட்டுக்குக் கொண்டுவர மார்லேனா தீர்மானிக்கிறாள். தோமாஷுக்கு அதில் சம்மதமில்லை. நோயாளியின் ஓலம் வீட்டை நிறைக்க, இருவர் கட்டி எழுப்பிய அமைதி கொஞ்சம் கொஞ்சமாக இடிகிறது. நெடுநேரம் கழித்துத்தான், தோமாஷும் அவள் பெற்ற பிள்ளையே என்பதை நாம் விளங்கிக்கொள்கிறோம்.

இந்த ஏற்பாட்டின் சாமர்த்தியத்தை முதலில் ஒப்புக்கொள்ள வேண்டும். முதலிலேயே சொல்லியிருந்தால் நாம் அவ்விருவரையும் பார்த்திருக்கவே மாட்டோம். குற்றத்தை மட்டும் பார்த்திருப்போம். ஒரு மணி நேரம் அவர்களை மனிதர்களாகப் பார்த்துப் பரிவு கொண்டுவிட்ட நாம், உண்மை தெரிந்த கணத்தில் அந்தப் பரிவைத் திருப்பி வாங்கிக்கொள்ள முயன்று, முழுவதும் வாங்க முடியாமல் தவிக்கிறோம். டொரோட்டா கோலாக், மேடையில் பழுத்த நடிகை, அந்தத் தாயின் முகத்தில் குற்ற உணர்ச்சியை எங்கே வைத்திருக்கிறார் என்று தேடினால் உடனே அகப்படாது. களைப்பில் இருக்கிறது, வேலை செய்துகொண்டே இருக்கும் கைகளில் இருக்கிறது. ருமேனிய ஒளிப்பதிவாளர் ஒலெக் முட்டுவின் காமிரா தூரத்தில் நின்றே பார்க்கிறது.

ஆனால் கீஸ்லோவ்ஸ்கியின் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் ஒரு குறை தெளிவாகத் தெரியும். நான்காம் படத்தில் உண்மை தெரியாதவர்கள் அந்தத் தந்தையும் மகளும். ஆகவே அறியாமை அவர்களுடைய வேதனை. ஏழாம் படத்தில் தெரியாதவள் குழந்தை. ஆகவே அறியாமை ஓர் அநீதி. 'குவுப்சி'யிலோ உள்ளே இருப்பவர்கள் எல்லோருக்கும் எல்லாம் தெரியும். தெரியாதவர்கள் நாம் மட்டும். ரகசியம் பாத்திரங்களின் வாழ்க்கையிலிருந்து பெயர்க்கப்பட்டு, ரசிகனுக்கும் இயக்குநருக்கும் இடையே நடக்கும் ஒரு விளையாட்டாகிவிடுகிறது. அதைக் காட்டிலும் முக்கியமான ஒன்று: தோமாஷ் எந்த வயதில், எப்படி, யார் இச்சையால் இந்த உறவுக்குள் வந்தான் என்பதைப் படம் தொடவே இல்லை. நாற்பது வயது ஆடவனாகவே அவனை நாம் சந்திக்கிறோம். பெற்றவளுக்கும் பிள்ளைக்கும் இடையே இப்படி ஒன்று தொடங்கும்போது அதிகாரம் யாரிடம் இருந்தது என்ற கேள்வியைக் கேளாமல் இரண்டு சமமான மனிதர்களின் காதல் என்று காட்டுவது, நடுநிலை போலத் தோன்றினாலும் உண்மையில் தாயின் பக்கம் சாய்ந்த நிலைதான். தீர்ப்புச் சொல்லாதிருப்பது கலைஞனின் உரிமை. சாட்சியை விசாரியாதிருப்பது அவன் உரிமையில் அடங்காது.

மற்றப் படங்களைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். க்ரௌஸே தம்பதியின் 'ரட்சகர் சதுக்கம்' (2006), வீடு கட்டித் தருவதாகச் சொன்ன நிறுவனம் திவாலாகிவிட, மாமியார் வீட்டில் ஒண்டும் இளம் குடும்பம் எப்படி ஒருவரை ஒருவர் அரைத்துக் கொல்கிறது என்பதைக் காட்டுகிறது. குடும்பக் கொடுமைக்குச் சுவர்களும் அறைக்கணக்கும் எவ்வளவு காரணம் என்பதை இத்தனை நேர்மையாகச் சொன்ன படம் அரிது. அக்னியெஷ்கா ஸ்மோசின்ஸ்காவின் 'ஃபூகா' (2018), ஞாபகம் இழந்து திரும்பிய தாய் ஒருத்தி, தன் பிள்ளையிடம் தனக்கு ஏதும் தோன்றவில்லை என்று நடந்துகொள்வது. 'போலந்துத் தாய்' பிம்பத்தின்மேல் விழுந்த அடிகளில் இதுவே பலமானது, தகாத உறவையெல்லாம்விட இதைத்தான் அந்நாட்டு மனம் பொறுக்காது என்றுகூட நினைக்கிறேன்.

குழந்தையின் பக்கம் நின்று எடுக்கப்பட்டது ஒன்றும் இல்லை என்று சொன்னால் அது பிழையாகும். மாக்தலேனா பியெகோஷ் 2004-ல் எடுத்த 'பிரெங்கி', 'தழும்புகள்' என்று பொருள், வோய்சியெக் குச்சோக்கின் நாவலை ஒட்டியது. தந்தையின் அடியில் வளர்ந்த சிறுவன், வளர்ந்தபின் யாரையும் நெருங்கவிட இயலாதவனாவதைச் சொல்கிறது. அது க்டீனியா விழாவின் தங்கச் சிங்கப் பரிசைப் பெற்றது. பிள்ளைகளை அடிப்பது போலந்துச் சட்டத்தில் முழுவதுமாகத் தடை செய்யப்பட்டதோ 2010-ல்தான். படம் சட்டத்தைக் கொண்டுவந்தது என்று சொல்லமாட்டேன். ஆனால் வீட்டுக்குள் நடப்பது வீட்டோடு போகட்டும் என்ற பழைய நியாயத்தைச் சபை நடுவே வைத்து விசாரித்த குரல்களில் அதுவும் ஒன்று. அடியின் தழும்பைச் சிறுவனின் கண்ணால் பார்க்க முடிந்த சினிமா, பிறப்பின் பொய்யையும் அப்படியே பார்க்க முடியும். அக்காள் என்று நினைத்தவள் அம்மா என்று தெரிய வரும் பெண், பன்னிரண்டு வயதிலோ இருபது வயதிலோ, என்ன செய்வாள், யாரிடம் போய்க் கேட்பாள், எந்தப் பெயரால் இனி அவர்களை அழைப்பாள்? ஆனியா 1988-ல் ஆறு வயதுக் குழந்தை. இன்று அவள் நாற்பதைத் தாண்டியிருப்பாள். அவள் கதையை எழுத யாரும் இன்னும் முன்வரவில்லை.

இப்படங்களைத் தேடிப் பார்க்க விரும்பும் வாசகர்களுக்கு ஒரு வார்த்தை. 'டெகலாக்' வரிசையில் எல்லோரும் நான்காம் படத்தின் கீர்த்தியைக் கேட்டு அதிலிருந்தே தொடங்குகிறார்கள். ஏழாம் படத்தை முதலில் பாருங்கள், பிறகு நான்காவதைப் பாருங்கள். அவற்றின்பின் 'ரிசா'. 'குவுப்சி'யைக் கடைசிக்கு வைத்துக்கொண்டு, முடிந்தால் இரண்டு தரம் பாருங்கள்: இரண்டாவது தரம், உண்மை தெரிந்த கண்ணோடு பார்க்கையில், தோமாஷின் மௌனத்துக்கு வேறு அர்த்தம் இருப்பது தெரியும். 'பெஸ் வ்ஸ்திது'வைப் பார்க்காமல் விட்டாலும் நஷ்டமில்லை.